இரண்டாம் விருப்பம்

முப்பத்தோராண்டு அவர் கடிதங்களை
நான்தான் தட்டச்சு செய்தேன்.
'தங்கள் பொருட்டு அமைச்சரிடம் வலியுறுத்தியுள்ளேன்.'
இந்த ஒரு வரியை
எத்தனை ஆயிரம் முறை அடித்திருப்பேன் என்று
என் சுண்டுவிரலைக் கேளுங்கள்.

ஃபின்டன் ஹெஸ்லின்.
அயர்லாந்தின் மேற்கோரம், டிரம்கீல் தொகுதி.
சனிக்கிழமை காலை மதுக்கடையின் பின்னறையில் தரிசனம்.
பீப்பாய்களுக்கு நடுவே மடக்கு மேசை.
வரிசையில் விதவை ஓய்வூதியம், மருத்துவ அட்டை,
வீடு கட்ட அனுமதி கிடைக்காத புது மாப்பிள்ளை,
பக்கத்து வயல்காரனின் கழுதை மீது ஒரு புகார்.
எல்லாவற்றையும் சிகரெட் அட்டையின் பின்பக்கம் எழுதுவார்.
திங்களன்று அவை என் மேசையில் விழும்,
ஈரக் கம்பளி நாற்றத்தோடு.

போன மாதம் ஓய்வு அறிவித்துவிட்டார்,
இனிச் சொன்னால் பாவமில்லை:
பாதி வேலை தானாக நடந்தது.
தொலைபேசிக்கு மூன்றாண்டு காத்திருந்த காலத்தில்
கோப்பு நகர்ந்துவிட்டதென்று
இலாகா குமாஸ்தா ஒருவன் காதில் போடுவான்.
அரசாங்கக் கடிதம் வியாழக்கிழமை போய்ச் சேரும்.
எங்கள் கடிதம் புதன்கிழமை.
அந்த ஒரு நாள்தான்
அவருடைய அரசியல் வாழ்க்கை.

செத்தவர்களை அவர் தவறவிட்டதில்லை.
வட்டார வானொலி மரண அறிவிப்பு வாசிக்கையில்
வீட்டில் கரண்டிச் சத்தம் கூடாது என்பாள் மனைவி ப்ரோனா.
ஒருமுறை தப்பான வீட்டில் நுழைந்து
முன்பின் தெரியாத கிழவருக்கு முழங்காலிட்டு ஜெபித்து
தேநீரும் குடித்துவிட்டு வந்தார்.
எதிர்க்கட்சிக் குடும்பம்.
'மூன்று பேர் இரண்டு போடுவார்கள்' என்றார் காரில்.

எங்கள் சீட்டில் முத்திரை கிடையாது.
பெயருக்கு நேரே ஒன்று, இரண்டு, மூன்று என்று எழுதுகிறோம்.
தோற்றவனின் சீட்டு அடுத்த எண்ணுக்காரனிடம் போய்ச் சேரும்.
அடுத்தவன் தோல்வியில் பிழைத்த மனிதர்.

மாவட்ட மருத்துவமனையின் இரவு அவசரப் பிரிவை
மூடும் தீர்மானம் வந்தது.
கொறடா கைகாட்டிய பக்கம் நின்று
மூடச் சொல்லி வாக்களித்தார்.
மூடாதே என்று நாங்கள் போன ஊர்வலத்தில்
அடுத்த ஞாயிறே முதல் வரிசையில் நடந்தார்,
பதாகையின் ஒரு முனையைப் பிடித்தபடி.
மழையில் சாயம் அவர் சட்டைக் கையில் இறங்கியது.
அந்தச் சாயம் என் காசில் வாங்கியது.

நவம்பரில் என் அக்கா எத்னாவை
நாற்பத்திரண்டு மைல் தள்ளியிருந்த நகரத்துக்கு
ஆம்புலன்ஸில் ஏற்றினோம்.
முப்பதாவது மைலிலேயே போய்ச் சேர்ந்தாள்.

வீட்டுக்கு முதலில் வந்த கை அவருடையது.
அழுதார். நடிப்பில்லை, எனக்குத் தெரியும்.
வேலைக்குத் திரும்பிய அன்று
வழக்கமான இரங்கல் கடிதத்தை
எனக்கு நானே அடித்து
கையெழுத்துக்கு நீட்டினேன்.
படிக்காமல் போட்டார்.

அடுத்த தேர்தலில்
மருத்துவமனைக்காக நின்ற தாதிக்கு ஒன்று.
அவருக்கு இரண்டு.
கடைசி இடத்தைப் பதினொரு வாக்கில்
அவளிடம் இழந்தார்.
ஒன்றைக் கழித்தாலும் மிச்சம் பத்து, எனக்குக் கணக்கு வரும்.

எண்ணும் கூடத்தில்
தடுப்புக்கு இப்பால் நின்று
விரியும் ஒவ்வொரு சீட்டையும் பென்சிலால் குறித்துக்கொள்வது
இங்கே வழக்கம்.
எங்கள் ஊர்ப் பெட்டி கவிழ்ந்தபோது அவரே நின்றார்.
என் இரண்டுக்கு வால் நீளம்.
பத்தொன்பது ஆண்டு அதைப் படித்த கண்.
பென்சில் ஒரு கணம் நின்றது.
நின்றதாகத்தான் நினைக்கிறேன்.

திங்கட்கிழமை, பதவியில்லாத முதல் நாள்,
என் மேசையில் ஒரு சிகரெட் அட்டை:
'கில்பரன் பாலத்தடியில் மதகு அடைப்பு. கடிதம் போடு.'
'கீழே என்ன பதவி அடிக்கட்டும்?'
'பெயரை அடி' என்றார்,
மழைக்கோட்டின் பொத்தானைப் பார்த்துக்கொண்டு.

ஐந்தாண்டு கழித்து ஜெயித்தார்.
அன்றைக்கு நான் என்ன எண் போட்டேன்
என்று சொல்லப் போவதில்லை.
வாலை மட்டும்
ஒட்ட நறுக்கியிருந்தேன்.