நானூற்றுப் பத்து அடி

பாவாயி என்று கூப்பிட்டால் திரும்ப மாட்டாள்.
மஸ்டர் ரோலில் அவள் ரத்னதாரா.
மாதம் நாற்பத்தைந்து ரூபாய்,
செவ்வாய்ப்பேட்டையிலிருந்து ஏற்காடு ரோட்டு ஸ்டூடியோவுக்கு
ஜட்கா வாடகை தனி.
மூன்று வருஷம் தோழிகளில் ஒருத்தி,
இடமிருந்து நான்காவது, பூக்கூடையோடு.
ஒரு படத்தில் பூக்கூடை தெரியும்,
அவள் தெரிய மாட்டாள்.

நாலாவது வருஷம் ஒரு சாவு கிடைத்தது.

நாயகனின் தங்கை. மலையிலிருந்து விழுந்து
அண்ணன் மடியில் எட்டு வரி பேச வேண்டும்.
அதற்காக யூனிட்டே ஏற்காடு ஏறியது.
பாறையில் படுத்தாள். மேகம் வந்து காமிராவை மூடிற்று.
விலகியது, படுத்தாள், மறுபடி மேகம்.
மூன்று நாள்.
காப்பித் தோட்டத்து ஆட்கள் வேலைக்கு நடுவே வந்து
இன்னும் சாகவில்லையா என்று பார்த்துப் போனார்கள்.

அப்புறம் சர்க்கார் உத்தரவு.
ஜப்பான்காரன் ரங்கூனைப் பிடித்துவிட்டான்,
கப்பலில் பிலிம் வருவதில்லை,
எந்தப் படமும் பதினோராயிரம் அடி தாண்டக் கூடாது.
முதலாளி கட்டிங் ரூம் வாசலில் நின்று கேட்டார்:
"எது இல்லாவிட்டாலும் கதை புரியும்?"
எடிட்டர் என்னைப் பார்த்தார்.
கத்தரி என் கையில் இருந்தது.

படத்தில் அவள் ஒரு கதவைத் திறந்து வெளியே போகிறாள்,
அவ்வளவுதான். யாரும் தேடவில்லை.
பதினாறு வாரம் ஓடியது.
கடைவீதியில் பெண்கள் நிறுத்திக் கேட்டார்கள்,
"ஏம்மா, அப்பறம் நீ எங்கதான் போன?"

ஒரு மத்தியானம் வந்தாள்.
திட்டவில்லை. ஒருதரம் போட்டுக் காட்டு என்றாள்.
மூவியோலாவில் சத்தமில்லாமல் ஓட்டினேன்.
உள்ளங்கை அகலத்தில்
உதடு அசைந்தது, கண் நின்றது,
குதிகாலிலிருந்து கறுப்பாய் ஒரு கோடு இறங்கியது.
பிலிமில் கீறல் என்றுதான் நான் நினைத்திருந்தேன்.
"அட்டை," என்றாள். "ஏறினது தெரிஞ்சுது.
செத்தவ எப்படிக் காலை உதறுவா?"
பிறகு, குனிந்தபடியே,
"நல்லாத்தான் செத்திருக்கேன், இல்லே?"

இருபத்தெட்டு வயதில் அம்மா வேஷம்,
தன்னைவிட ஆறு வயது பெரிய மகனுக்கு.
அதன்பின் பதினேழு படங்களில் செத்தாள்:
காசம், வெள்ளம், ஒருதரம் துப்பாக்கி.
யாரும் ஓரடிகூட வெட்டவில்லை.
எல்லாவற்றிலும், கவனித்தால் தெரியும்,
கடைசி மூச்சுக்கு முன்னால்
காலைப் புடவைக்குள் இழுத்துக்கொள்வாள்.

அந்தச் சுருளை நான் தகர டப்பாவில் வைத்திருந்தேன்.
சேலத்து வெயில். ஐந்தாறு கோடையில்
வெல்லப்பாகாய் ஒட்டிக்கொண்டது.
கொளுத்தினால் குப்பென்று பிடிக்கும் ரகம்,
கிணற்றடியில் குழி தோண்டிப் போட்டேன்.

எங்கே பார்த்தாலும் கேட்கிறாள்,
"பத்திரமா இருக்கேனா?"

இருக்கீங்க என்கிறேன்.