மேலே ஒரு புள்ளி

பன்னிரண்டாயிரம் பனியனுக்கும் லேபிள் தைத்து
பெட்டி கட்டும் நேரத்தில்
காவுனாஸிலிருந்து ரூத்தா கூப்பிட்டாள்.
பருத்தி என்ற சொல்லில்
கடைசி எழுத்தின் மேல் புள்ளியைக் காணோமாம்.

மெத்வில்னெ என்று படித்தேன்.
மெத்வில்னே, என்றாள்.
உதட்டை இறுக்காமல், நூல் இழுப்பதுபோல்
அந்த ஏ போய்க்கொண்டே இருந்தது
வேலம்பாளையத்து மிஷின் சத்தத்துக்குள்.

எங்கள் எழுத்தில் புள்ளி வைத்தால்
உயிர் போய்விடும் அம்மணி,
உங்கள் ஊரில் அதுவே
எகரத்தை நீட்டுகிறதே!
சிரித்தாளா, லைன் கரகரத்ததா, தெரியவில்லை.

சரி, புள்ளி இல்லாவிட்டால்?
"பருத்தியால் என்று ஆகும்.
அல்லது பருத்தியைக் கூப்பிடுவதாக ஆகும்."

செக்கிங் மேஜையில் மயிலாத்தாளிடம் சொன்னேன்.
"கூப்புட்டாக் கூப்புட்டுட்டுப் போவுட்டுமுங்க,
ஆரு காதுல உழப்போவுது?"
சொல்லிவிட்டு அவள்தான் முதல் பெட்டியைப் பிரித்தாள்.

மார்க்கர் பேனா ஏழு தீர்ந்தது.
ரெண்டாம் ஷிப்டும் உட்கார்ந்தது.
காலை டீ வரும்போது
எல்லார் கட்டைவிரலிலும் கறுப்பு.

ஓட்டை விழுந்த ஒன்றுக்கு மட்டும் புள்ளி வைக்கவில்லை.
அதில் மிஷின் எண்ணெய் துடைக்கிறாள் மயிலாத்தாள்.
பருத்தியே,
பருத்தியே.