அறுபத்து மூன்றாம் பக்கம்

உன் முதல் நாவலைக்
கோத்தகிரி பஸ்ஸில் படித்தேன், டெரிக்.
ஜன்னல் ஷட்டர் பாதியில் சிக்கிக்கொண்டது.
மழை உள்ளே வந்து
உன் நன்றியுரையை நனைத்தது.
அதில் என் பெயர் இல்லை.
உன் நாயின் பெயர் இருக்கிறது.

அறுபத்து மூன்றாம் பக்கத்தில் வருகிறேன்.
டிகாக்ஷன் நிறத்தில் ஒரு பெண் என்கிறாய்.
எந்த டிகாக்ஷன்?
பதினேழு வருடமாகத் தேயிலையை
உறிஞ்சித் துப்பிச் சம்பளம் வாங்குகிறவளிடம்
இப்படிப் பொத்தாம்பொதுவாகச் சொல்லலாமா?
பி.ஓ.பி.யா, டஸ்ட்டா,
ஜனவரி உறைபனியில் கருகிய இலையா,
ஆறிப்போய் ஆடை கட்டியதா?
துப்புவதற்கு முன் நாக்கில் சுற்றவிட்டு
ஒரே ஒரு வார்த்தை சொல்ல வேண்டும்.
நீ சுற்றவிடவே இல்லை.

பெயரும் மாறிவிட்டது. செல்வியாம்.
யோகமலர் உன் வாசகர்களின் வாயில் நுழையாதோ?
உன் வாயில் நுழைந்ததே,
வெலிங்டனில் அந்த வாடகை அறையில்,
ஒவ்வோர் எழுத்தாக.

உன் இங்கிலீஷில் நான் பேசுவதில்லை.
பார்க்கிறேன். நனைகிறேன். காத்திருக்கிறேன்.
டெரிக், தாழ்ப்பாளைப் போட்டது நான்.
உன் ஸ்வெட்டரைத் தலைவழியே உருவும்போது
காது மாட்டி நீ கத்தியதற்குச் சிரித்தவள் நான்.
விளக்கு எரியட்டும், பார்க்கணும் என்றவளும் நான்.
வெயில் பட்டுச் சிவந்த உன் கழுத்து எங்கே முடிந்து
சட்டை காத்த வெளுப்பு எங்கே தொடங்குகிறது என்று
விரலால் சர்வே செய்தேன்.
என்னுடைய ஆசை அது.
அதைக் கழற்றி
உன் கதாநாயகனுக்கு மாட்டிவிட்டாய்.
தோளில் இறுக்குகிறது அவனுக்கு.

என் அப்பாவுக்கு நாலு பக்கம்.
நன்றாகத்தான் இருக்கிறது.
மண்டபம் கேம்ப், தகரப்பெட்டி,
அங்கே கள்ளத்தோணி, இங்கே சிலோன்காரன்,
எல்லாம் நான் இருட்டில் சொன்னபடியே.
காற்புள்ளிகூட மாறவில்லை.

உன் வீட்டுக் கதையைத்தான் காணோம்.
குன்னூரில் உங்கள் ஹாலில் தொங்குமே அந்த போட்டோ:
தொப்பி வைத்த உன் கொள்ளுத்தாத்தா,
அவர் நாற்காலியின் கைப்பிடியில் ஒரு கறுத்த கை.
மணிக்கட்டுக்கு அப்பால் கத்தரிக்கோல் போயிருக்கும்.
யாரோ ஆயா என்பாராம் உன் அம்மா.
ஆயாவின் விரலில் அந்த மோதிரம் எப்படி வந்தது என்று
என் வயிற்றில் தலைவைத்துக் கேட்டது நீதானே?
அன்றைக்கு அழுதாய்.
ஊரெல்லாம் சட்டைக்காரன் என்று கூப்பிட்ட உன்னை
அன்றைக்குத்தான் சட்டை இல்லாமல் பார்த்தேன்.
முந்நூறு பக்கத்தில்
அந்தக் கைக்கு இடமில்லை.

மோரீனையும் எழுதவில்லை.
நமக்காக கேட்டருகே சிகரெட் பிடித்தபடி
காவல் நின்றவள்.
பிறகொரு நாள் மார்க்கெட்டில் என்னைப் பார்த்ததும்
கேரட் விலை கேட்பவள்போலத் திரும்பிக்கொண்டாள்.
உன் தங்கைக்கு நான் என்ன செய்தேன் என்று
இன்றுவரை தெரியாது.
அவளைத்தான் எனக்கு முதலில் பிடித்தது.
உன்னிடம் சொன்னதில்லை.
அதனால் அது நாவலில் இல்லை.
அதனால் அது இன்னும் என்னிடம் இருக்கிறது.

புத்தக விழாவுக்கு வந்திருந்தேன்.
தட்டில் வர்க்கி, பேப்பர் கப்பில் டீ.
உன் மனைவிதான் ஊற்றினாள்.
கொதித்துக் கொதித்துக் கசந்த டஸ்ட்.
விழுங்கிவிட்டேன்.

வரிசையில் பதினோராவது ஆள்.
மழையில் உப்பிய பிரதியை நீட்டினேன்.
நிமிராமலே கேட்டாய், யார் பெயருக்கு?
செல்வி, என்றேன்.

எழுதிவிட்டு
பேனாவை மூடாமல்
அந்தப் பெயரையே பார்த்துக்கொண்டிருந்தாய்.
பின்னால் நின்றவர் இருமினார்.
வெளியே கட்டபெட்டு வழியாகப் போகும் கடைசி பஸ்
ஹாரன் அடித்தது.