பதினான்காம் பிரிவில் ஒரு சொல்

ஒட்டாவாவில் இன்று மைனஸ் இருபத்தாறு.
குழு அறையின் வெந்நீர்க் குழாய்கள்
சாட்சிகளைக் காட்டிலும் அதிகம் பேசுகின்றன.
பிரிவு பதினான்கு, உட்பிரிவு மூன்று:
சந்தேகிக்க நியாயமான காரணம் இருப்பின்
சாதனத்தைத் திறக்கக் கோரலாம்.

"சந்தேகிக்க" என்பதை அடித்து
"நம்ப" என்று எழுதியிருக்கிறேன்,
பென்சிலால், என் பிரதியில் மட்டும்.
பதினாறு வருடம் ஸ்காபரோவில் வழக்காடியவளுக்குத் தெரியும்
இரண்டு சொல்லுக்கும் இடையே எவ்வளவு தூரமென்று.
பதினொரு மாதம்.

நிமலரூபன். இரவில் பனி தள்ளும் லாரி ஓட்டுகிறவன்.
விமான நிலையத்தில் வாங்கிய போனை
மறுவருடம் ஒரு பிளாஸ்டிக் உறையில் போட்டுத் தந்தார்கள்.
குற்றம் எதுவும் இல்லை. மன்னிப்பும் இல்லை.
பேட்டரி லேசாக ஊதியிருந்தது.
என் அலுவலக நாற்காலி நுனியில் உட்கார்ந்து
ஆறு இலக்கங்களை யோசித்தான்,
தப்பாக அழுத்தினான், சிரித்தான்,
பிறகு கேட்டான்:
"அக்கா, நம்பர் மறந்துபோச்சு.
அவையள் எழுதி வச்சிருப்பினம்,
கேட்டுச் சொல்லுவியளோ?"

கேட்டேன்.
மனுப் போட்டு, ஐந்து டாலர் கட்டி,
ஒருவனுடைய பூட்டின் எண்ணை
அரசாங்கத்திடமிருந்து அவனுக்கு வாங்கிக் கொடுத்தேன்.
நாற்பத்தோராம் பக்கத்தில் இருந்தது.

தேர்தலில் இந்தக் கதையைத்தான் சொன்னேன், பெயரை மாற்றி.
நன்றாகக் கைதட்டினார்கள்.

ஆனால் வடக்கே ஒரு சிற்றூர் ஆஸ்பத்திரியில்
ஒன்பது மணி நேரம் திரைகள் இருண்டு கிடந்ததும் உண்மை.
சிறுநீரக நோயாளிகளை நர்சுகள்
கைக்கடிகாரம் பார்த்துக் காப்பாற்றியதும் உண்மை.
நேற்று மூடிய அறையில் எனக்குக் காட்டியதை
நான் எழுத முடியாது. சத்தியம் செய்திருக்கிறேன்.
எழுத முடியாததெல்லாம் பொய் என்று
வக்கீலாக இருந்தபோது வாதாடியிருப்பேன்.

இதோ, எதிர் வரிசையில் ஒருவர் எழுந்து
அதே திருத்தத்தை உரக்க முன்மொழிகிறார்,
என் பென்சிலை எட்டிப் பார்த்தவர் போல.
கொறடாவிடமிருந்து செய்தி:
"பதினான்கில் மாற்றம் வேண்டாம்."
கூடவே ஒரு மஞ்சள் கட்டைவிரல்.

எழுத்தர் என் பெயரை மூன்று துண்டாக உடைத்து வாசித்தார்.
பதில் சொன்னேன்.

திருத்தம் தோற்றது, ஐந்துக்கு ஆறு.
ஆறில் யார் யார் என்பது பதிவில் இருக்கிறது.
பொது ஆவணம்தான், போய்ப் பாருங்கள்.

கால்வாய்க் கரையில் நின்று
வாடகைக் கார் கூப்பிடப் போனை எடுக்கிறேன்.
விறைத்த விரலை அது அடையாளம் காணவில்லை.
எண்ணைக் கேட்கிறது.
தவறு. மறுபடி தவறு.
ஒரு நிமிடம் கழித்து முயல்க.

கீழே பனிக்கட்டியில்
யாரோ ஒரு பையன் விழுந்து எழுந்து விழுகிறான்.
சொந்த எண் நாக்கு நுனியில்கூட இல்லை.
நிமலரூபனுடையது மட்டும்
ஆறு இலக்கமும், வரிசை பிசகாமல்,
இன்னும் எனக்கு மனப்பாடம்.