கோடு

சர்வேயர் சங்கிலி இழுத்ததில்
அடுப்பு ஏரிக்குப் போயிற்று.
கட்டில் எங்களுக்கு.
நடுவீட்டுத் தரையில் ஓடி
சுவரேறி நிற்கிறது சிவப்புப் பெயின்ட்.

பதினோரு வருஷமாக மேயோ ஹாலில் வாய்தா.
வெள்ளையடிக்கும்போதெல்லாம்
கோட்டை மட்டும் விட்டுவிடுவாள் இருதயமேரி.
அழித்தால் சாட்சியத்தைக் கலைத்த குற்றமாம்.

எதிரே, அதே ஏரிக்குள், பதினாலு மாடி.
ஸ்டே கிடைத்த அன்று
மொட்டைமாடியில் வாணம் விட்டார்கள்.

நேற்று ராத்திரி பெங்களூர் முழுக்க மழை.
ராஜகால்வாய் பொங்கி
அடுப்படி வழியாக வந்த தண்ணீர்
கோட்டைத் தொட்டு நின்றது.
ஒரு விரற்கடைகூடத் தாண்டவில்லை.

கட்டில்மேல் சம்மணமிட்டு
வெகுநேரம் பார்த்திருந்தாள்.
"அந்த ஆளு சரியாத்தான் அளந்திருக்கான்."

மெதுவாப் பேசு என்றேன்.
இருபத்தாறாம் தேதி
உன்னைத்தான் கூண்டிலேற்றுகிறார் வக்கீல்.