ஜன்னல் என்று பெயர்

சாகேத் மாலுக்கு எதிரே,
சாலையைவிடப் பள்ளத்தில் கிடக்கிறது.
பார்வை நேரம் முடிந்தது என்று
என்னை வெளியே அனுப்பிய ஆஸ்பத்திரியிலிருந்து
பத்து நிமிட நடை.

தம்பி பெயர் இருதயராஜ்.
கோளாறும் அதிலேயேதான்.
மயக்க மருந்துக்கு முன் இந்த ஜோக்கை அவனே சொன்னான்.
நர்சுக்குத் தமிழ் தெரியாது.
நான்தான் சிரிக்க வேண்டியிருந்தது.

கிட்கி மசூதி.
கிட்கி என்றால் ஜன்னல்.
நம் பக்கம் பள்ளிவாசல் என்போம்,
வாசலைச் சொல்லிக் கூப்பிடுவோம்.
அது உள்ளே போகிறவன் வைத்த பெயர்.
இது
உள்ளேயே இருந்துவிட்டவன் வைத்தது.

இருபத்தாறு வருஷம் எஸ்டிமேட் போட்ட கை
சும்மா இருக்குமா.
மருந்துச் சீட்டின் முதுகில் கட்டம் வரைந்தேன்.
ஐந்துக்கு ஐந்து, இருபத்தைந்து சதுரம்.
ஒன்பது சதுரத்தில் ஒன்பது ஒன்பதாகக் குவிமாடம்,
பன்னிரண்டில் தட்டைக் கூரை,
மிச்சம் நான்கில்
ஒன்றுமே போடவில்லை.

நடுவில் ஒரே பெரிய முற்றம் விடுவதுதான் வழக்கம்.
வானம் மொத்தமும் ஓரிடத்தில் வந்து கொட்டும்.
இந்த மனுஷன் அதை நான்காகப் பங்கு வைத்து
இருட்டுக்குள் இறக்கியிருக்கிறான்.

இருதயத்துக்கும் நான்கு அறை.
எழுத வந்தது. எழுதவில்லை.
கல்லைக் கல்லாகவே எண்ணுவோம்.

தூணில் ஒரு பூ கிடையாது. செதுக்குக் கூலி பூஜ்யம்.
சுண்ணாம்புப் பூச்சு கறுத்து
அடுப்படிச் சுவர் மாதிரி ஆகிவிட்டது.
மூலைக்கு மூலை
கவிழ்த்துவைத்த டம்ளராய் ஒடுங்கும் கோபுரம்.
வடகிழக்கில் கூரை இடிந்திருக்கிறது,
எங்கள் ஆபீஸ் வாஸ்துக்காரர் பார்த்தால்
ஈசான மூலை என்று ஆரம்பித்துவிடுவார்.
வௌவால் வாடை. வெளியே,
கிராமம் என்ற பெயரோடு
நான்கு மாடி வாடகை வீடுகள் தோள் இடிக்கின்றன.

கட்டியவன் துக்ளக்கின் அமைச்சனாம்.
அவன் தகப்பன் வாரங்கல்லில் பிடிபட்டு
டெல்லிக்கு வந்தவன் என்கிறார்கள்.
அறுநூறு வருஷம் தாண்டிவிட்டது.
அந்த வீட்டில் யாராவது தூக்கத்தில்
ஒரு வார்த்தை தெலுங்கு பேசியிருப்பார்கள் என்று
நானாக நினைத்துக்கொண்டேன்.

காவல்காரர் சுக்பால் கேட்டார்: எந்த வார்டு?
எப்படித் தெரியும் என்றேன்.
படம் எடுக்கிறவர்கள் மேலே பார்ப்பார்கள்,
ஆஸ்பத்திரிக்காரர்கள் சுவரோரமாய் உட்கார்ந்துவிடுவார்கள்
என்றார்.
கேட் மூட வேண்டும்.
இன்னும் கால் மணி உட்காருங்கள் என்றார்.

ஜன்னல், போர்த்துக்கீசியன் விட்டுப்போன சொல்.
அதற்கு முன் நம்மிடம் காலதர் இருந்தது,
காற்று நடக்கும் வழி.
பலகணி இருந்தது,
பல கண்.
செங்கல் துளைகளில்லை இவை,
சிவந்த கல்லையே சல்லடையாக்கியவை.
முகம் வைத்தேன்.
ஒரு கண்ணுக்கு ஆட்டோ.
ஒரு கண்ணுக்கு மாலின் கண்ணாடி.
ஒரு கண்ணுக்கு, யாரோ காயப்போட்ட பள்ளிச் சீருடை.
காற்று மட்டும் எல்லாக் கண்ணிலும் வந்தது.

ஆறாம் மாடியில் எதையும் திறக்க முடியாது.
ஐசியுவில் திறப்பதற்கும் ஒன்றுமில்லை,
நான்கு பக்கமும் சுவர், டியூப் லைட்.

மறுநாள் விட்டார்கள், ஐந்து நிமிடம்.
குழாய் எடுத்த தொண்டையில் அவன் கேட்ட முதல் கேள்வி:
அக்கா, இது பகலா ராத்திரியா?

பகல்தான் என்றேன்.
நம்பியதாகத் தெரியவில்லை.
பையில் கையை விட்டால் சீட்டு வந்தது.
காலை ஒன்று, இரவு ஒன்று என்றிருந்த பக்கத்தைத் திருப்பி
கட்டத்தைக் காட்டினேன்.

விரல் வந்தது,
சிவப்பு விளக்கு கவ்விய அந்த விரல்தான்.
குவிமாடங்களைத் தாண்டி
வெறும் சதுரம் ஒன்றில் நின்றது.

இதுக்கு என்ன ரேட் போட்டே?