சப்பாக்

ஷார்ஜா தொழில்பேட்டை, ஆறாம் எண்.
கண்ணாடிக் கதவில் மூன்று மொழியில் டைப்பிங் சென்டர்.
படிவத்தில் 'தொழில்' என்ற கட்டம்
என் கட்டைவிரல் அகலம்கூட இல்லை.

என்ன வேலை செய்வீர்கள் என்றேன்.
ஞானதிரவியம் ஒரு சொல்லில் சொல்லவில்லை.
செம்பு எழுபது, துத்தநாகம் முப்பது,
துத்தநாகத்தைக் கடைசியில்தான் போடணும்,
முதல்ல போட்டா வெள்ளைப் புகையா ஓடிப்போயிரும்.

பித்தளையா?

அப்படி எழுதுனா பாத்திரக்கடைன்னு நெனப்பாங்க சார்.

பட்டியலில் தேடினேன்.
உலோகக் கலவைக்கு அரபியில் சபீகா.
உருக்கி அச்சில் ஊற்றுவது சப்க்.
ஊற்றுகிறவன் சப்பாக்.
ஒரே மூசையில் மூன்று மெய்யெழுத்து
உருகி உருகி வேறு வேறு வடிவம்.
எனக்கே கொஞ்சம் பெருமையாக இருந்தது.
அடித்தேன்.
ஐம்பத்தைந்து திர்ஹம், ரசீது.

நாற்பது நாள் கழித்து வந்தார்.
முழங்கால்வரை ஈரம், தோளில் துணிப்பை,
பையில் பைப் ரெஞ்சு.
அல் நஹ்தாவில் ஏழாம் மாடிக் கழிவறை
அடைப்பு எடுத்துவிட்டு வருகிறாராம்.
நீங்க எழுதுனதுக்குக் குழாய்க்காரன்னு அர்த்தமாமே.

மந்தூப் ஹம்தான், சூடான்காரர்,
டீ சிந்தச் சிரித்தார்.
அப்படியும்தான் பொருள் என்றார்.
ஈயத்தை உருக்கிக் குழாய் இணைத்த காலத்தில்
அந்தச் சொல் உலையைவிட்டு இறங்கித்
தண்ணீர் பக்கம் போயிருக்கும்.
'இருக்கும்' என்றுதான் சொன்னார்.
அவருக்கும் நிச்சயமில்லை.

நம்மிடம் மட்டும் என்ன,
மணியும் வார்க்கிறோம், தோசையும் வார்க்கிறோம்,
குளிக்கும் பிள்ளையின் தலையில் தண்ணீரும்.
ஆனால் மணி வார்க்கிறவனை நிறுத்தி
யாரும் ரெண்டு முறுகல் கேட்பதில்லை.

திருத்தத்துக்குப் புதுப் படிவம்,
கம்பெனி முத்திரை, முந்நூறு திர்ஹம்,
நான் பாதி தருகிறேன் என்றேன்.
அவர் அதைக் கேட்கவில்லை.
பையில் துழாவி
உடைந்த குழாய்த் திருகு ஒன்றை எடுத்து
என் கீபோர்டின் மேல் வைத்தார்.
ஏழாம் மாடியில் கழற்றியது.

உடைஞ்ச வாய் எப்படிச் செவந்து கெடக்குன்னு பாருங்க.
எவனோ அவசரக்காரன்,
துத்தநாகத்தை
முதல்லயே போட்டிருக்கான்.